காலத்தைக் கையாளும் துறவியர் கூட்டம்: விதிகளை எப்படி அமைப்பது?

வரைபடக்காரன் கேட்டது:

ஒரு ரோல்பிளே கேமுக்கும், அதே உலகத்தில் நடக்கும் ஒரு தொடர்கதைக்கும் சேர்த்து ஒரு கற்பனைத் துறவியர் கூட்டத்தை உருவாக்கி வருகிறேன். பெயர் ‘கன்னலார்’. மலை மேல் மடம், ஏறக்குறைய 200 பேர். காலத்தை ஆராய்வதுதான் அவர்கள் தவம். பயிற்சி முடித்தவர்களால் ஓர் அறை அளவுள்ள இடத்தில் காலத்தை வேகமாகவோ மெதுவாகவோ ஓட விட முடியும். மூத்தவர்கள் சிலரால் கொஞ்சம் பின்னோக்கியும் போக முடியும். அந்த உலகத்தில் பல்சக்கரக் கடிகாரம் இன்னும் வரவில்லை.

சிக்கல் என்னவென்றால், இப்படியே விட்டால் இவர்களை யாராலும் வெல்ல முடியாது. “சக்தியைப் பயன்படுத்தினால் களைப்பு வரும்” என்பது எனக்கே நிறைவாக இல்லை. சக்தியிலிருந்தே இயல்பாக எழும் தடைகள் வேண்டும். காலத்தை எதை வைத்து அளப்பார்கள், யார் மூத்தவர் என்பதை எப்படி முடிவு செய்வார்கள், பின்னோக்கிப் போவதைக் கதை ஓட்டையாகாமல் எப்படிக் கட்டுப்படுத்துவது என்பதும் தெளிவாகவில்லை. அடிப்படையிலிருந்து யாராவது விளக்கினால் உதவியாக இருக்கும்.

---

அலைநீளம்:

களைப்பை விட்டுவிடுங்கள். வேகத்தை மாற்றினாலே ஒளி, வெப்பம், காற்று மூன்றும் தடை போடும். அவற்றை ஒழுங்காகக் கணக்கிட்டால் தனியாக எதையும் கண்டுபிடிக்க வேண்டியதில்லை.

முதலில் ஒளி. வெளியே ஒரு விநாடி ஆகும்போது உள்ளே 10 விநாடி ஆகிறது என்று வையுங்கள். வெளியிலிருந்து வரும் ஒளியின் அலைகள் உள்ளே இருப்பவருக்குப் பத்தில் ஒரு பங்கு அதிர்வெண்ணில்தான் வந்து சேரும். கண்ணுக்குத் தெரியும் 400 முதல் 700 நானோமீட்டர் வரையிலான ஒளி அவருக்கு 4,000 முதல் 7,000 ஆகிவிடும். அது அகச்சிவப்பு. நடுப்பகலில் நின்றாலும் அவருக்கு வெளியுலகம் இருட்டு. பேச்சும் கேட்காது: 100 முதல் 200 ஹெர்ட்ஸ் குரல் 10, 20 ஹெர்ட்ஸுக்கு இறங்கிவிடும். ஆகவே “காலத்தை வேகமாக்கி எதிரியை நிதானமாகப் பார்த்து வெட்டினார்” என்ற காட்சிக்கே இடமில்லை.

வெளியே நிற்பவர் பார்ப்பது இதற்கு நேர்மாறு. உள்ளே இருப்பவரின் தோலின் வெப்பநிலை சுமார் 305 கெல்வின், அதாவது 32 டிகிரி செல்சியஸ். அந்த வெப்பக் கதிர்வீச்சு வெளியே வரும்போது நிறத்தில் 3,050 கெல்வின் பொருள் போலத் தெரியும். பழைய டங்ஸ்டன் பல்பின் இழை ஏறக்குறைய இந்த நிறம்தான். சாதாரணமாகத் தோலின் ஒவ்வொரு சதுர மீட்டரும் 490 வாட் அளவுக்குக் கதிர்வீசும். இங்கே கதிர்த்துகள்கள் 10 மடங்கு வேகத்தில், ஒவ்வொன்றும் 10 மடங்கு ஆற்றலோடு வருவதால் அது 49,000 வாட். உச்சி வெயிலே சதுர மீட்டருக்கு 1,000 வாட்தான். உங்கள் துறவி பக்கத்தில் நிற்பவரைச் சுட்டுவிடுவார். அவருக்கோ வெளியிலிருந்து வெப்பம் ஏறக்குறைய எதுவும் வராது, அவர் குளிரில் விறைப்பார்.

மெதுவாக்குவது இன்னும் ஆபத்து. 10 மடங்கு மெதுவான இடத்தில் இருப்பவருக்கு வெளியிலுள்ள சாதாரணச் சுவரே பல்பு இழையின் நிறத்தில் தகிக்கும். கண்ணுக்குத் தெரியும் ஒளி 40 முதல் 70 நானோமீட்டருக்குச் சுருங்கி, அணுக்களிலிருந்து எலக்ட்ரானைப் பிய்க்கும் புற ஊதாக் கதிராகும். திறந்த வெளியில் காலத்தை மெதுவாக்கி உட்காருபவர் உயிரோடு எழுந்து வரமாட்டார்.

இதற்கு ஒரே தீர்வு, கால எல்லையை, அதாவது காலம் மாறும் இடத்தின் விளிம்பை, தடித்த பாறைக்குள் வைப்பது. அறையைக் குடைந்து, எல்லை அறைச் சுவரில் இல்லாமல் சுவருக்குப் பின்னால் ஒரு முழமாவது பாறைக்குள் விழும்படி செய்ய வேண்டும். அப்போது உள்ளே இருப்பவரைச் சுற்றியுள்ள சுவரும் அவருடைய காலத்திலேயே இருக்கும். ஒளியும் வெப்பமும் அவரை நேராகத் தாக்காது. இவர்கள் ஏன் மலையில் மடம் கட்டினார்கள் என்பதற்கும் இதுவே காரணமாகிவிடும். தவறு நடக்கும் இடம் கதவு. கதவிடுக்கு வழியாக எல்லை போனால் அங்கிருந்துதான் தீக்காயம். குகைவாயில் நேராக இருக்கக் கூடாது, இரண்டு முறையாவது திரும்ப வேண்டும்.

அடுத்து காற்று. 3 மீட்டர் நீளம், 3 மீட்டர் அகலம், 2.5 மீட்டர் உயரம் உள்ள அறையில் 22.5 கன மீட்டர் காற்று. சும்மா உட்கார்ந்திருப்பவர் மணிக்கு ஏறக்குறைய 12 லிட்டர் கார்பன் டை ஆக்ஸைடு விடுவார். உள்ளே இருட்டு, விளக்கு வேண்டும். ஒரு மெழுகுவர்த்தி கிட்டத்தட்ட இன்னொரு ஆளுக்குச் சமம். ஆக மணிக்கு 24 லிட்டர். அளவு 3 சதவீதத்தைத் தொட 28 மணி நேரம். அதற்கு மேல் மூச்சு வாங்கும், தலை வலிக்கும், கணக்கு பிசகும். வெளியிலிருந்து காற்று வரக் குழாய் வைத்தாலும், உள்ளே இருப்பவருக்கு அந்தக் காற்று 10 மடங்கு மெதுவாகத்தான் நுழையும். எனவே 10 மடங்கு அறையில் ஒரு முறை தங்கும் உச்சவரம்பு ஒரு நாளும் கொஞ்சமும். வெளியே அது 2 மணி 48 நிமிடம்.

போர்க்களத்தில் எதுவுமே முடியாதா என்றால், 1.2 மடங்கு வரை விடலாம். அதில் 583 நானோமீட்டருக்கு மேற்பட்ட நிறம் மறையும். சிவப்பும் ஆரஞ்சும் அவர் கண்ணுக்குக் கறுப்பு. அருகில் இருப்பவருக்கு அவர் மேலிருந்து அனல் அடிக்கும், ஆனால் ஒளிர மாட்டார். சிவப்புக் கொடியைப் பார்க்கத் தவறுகிற வீரன் என்பது எதிரிகள் கண்டுபிடிக்கக்கூடிய நல்ல அடையாளம்.

---

கிண்ணிநீர்:

மேலே உள்ளவரின் கணக்கு சரி. அதைவிட அடிப்படையான ஒன்றையும் சேர்க்க வேண்டும்: உள்ளே இருக்கும் எந்தக் கருவியும் காலம் மாறியதைக் காட்டாது. நீர், மணல், நாடித்துடிப்பு, தீக்குச்சி, எல்லாமே ஒரே விகிதத்தில் மாறுவதால் உள்ளே எல்லாம் வழக்கம் போலவே இருக்கும். வெளியே ஒருவர் இன்னொரு கருவியோடு உட்கார்ந்து, இரண்டையும் ஒப்பிட்டால்தான் வித்தியாசம் தெரியும். எனவே கன்னலார் தனி ஆளாக இயங்கவே முடியாது. உள்ளே ஒருவர், வெளியே ஒருவர். வெளியே இருப்பவர் பொய் சொன்னால் உள்ளே இருப்பவர் ஏமாந்துதான் போவார். உங்கள் கூட்டத்தின் முழு அறமும் இந்த ஒரு இடத்தில்தான் நிற்கிறது.

முல்லைப்பாட்டில் பாசறையில் அரசனுக்கு நாழிகை சொல்பவர்களைப் ‘பொழுது அளந்து அறியும் பொய்யா மாக்கள்’ என்று சொல்லியிருக்கும். அவர்கள் கையில் இருப்பது நீர்க்கன்னல், நீரைக் கொண்டு நாழிகை அளக்கும் கருவி. ‘பொய்யா’ என்ற அந்தத் தகுதியையே உங்கள் கூட்டத்தின் முதல் விதியாக வையுங்கள்.

கருவிக்கு மிதவைக் கிண்ணம்தான் சரி. அடியில் துளையுள்ள உலோகக் கிண்ணத்தை நீர்த்தொட்டியில் மிதக்க விட்டால், நீர் ஏறி ஒரு நாழிகையில், அதாவது 24 நிமிடத்தில், மூழ்க வேண்டும். நாளுக்கு 60 முறை. ஒரு லிட்டர் கொள்ளளவு, உள்ளுக்கும் வெளிக்கும் நீர்மட்ட வித்தியாசம் 3 சென்டிமீட்டர் என்று வைத்தால், துளை விட்டம் ஏறக்குறைய 1.4 மி.மீ. வர வேண்டும். அதைவிடச் சிறிதாகத் துளைத்து, ஊசியால் கொஞ்சம் கொஞ்சமாக விரித்துச் சரிபார்ப்பதுதான் வழி. பெரிதாகிவிட்டால் திரும்பச் சிறிதாக்குவது கஷ்டம்.

கெட்டுப்போகும் இடங்கள்:

- உப்புப் படிவு. துளையின் விட்டம் 0.07 மி.மீ. குறைந்தால் பரப்பு 10 சதவீதம் போய்விடும்; ஒரு நாழிகை இரண்டரை நிமிடத்துக்கு மேல் நீண்டுவிடும். மழைநீரை வடிகட்டித்தான் ஊற்ற வேண்டும். வாரம் ஒரு முறை புளி தேய்த்துக் கழுவலாம், ஆனால் துளைக்குள் எதையும் விட்டுத் தேய்க்கக் கூடாது.
- குளிர். 40 டிகிரியில் இருக்கும் நீரின் பிசுக்கு (எளிதில் ஓடாத தன்மை) 10 டிகிரியில் இரு மடங்காகும். சின்னத் துளையில் அது தெரியும். மலை மேல் மடம் என்பதால் இரவுக் கணக்கும் பகல் கணக்கும் விலகும். தொட்டி பாறை அறைக்குள் இருந்தால் வெப்பநிலை நிலையாக இருக்கும்.
- கை. மூழ்கிய கிண்ணத்தை எடுத்துக் கவிழ்த்து மறுபடி வைக்க 4 விநாடி என்றாலும் நாளுக்கு 4 நிமிடம் காணாமல் போகும். இரண்டு கிண்ணம் வைத்து, ஒன்று மூழ்கும் கணத்தில் இன்னொன்றை விட வேண்டும்.

அடிப்பக்கத் துளை வழியாக நீர் வடியும் பானையை நம்ப வேண்டாம். நீர்மட்டம் கால் பங்காகும்போது ஓட்டம் பாதியாகிவிடும். கோடு போடுவதானால் சம இடைவெளியில் போட முடியாது. மணல் கடிகை இந்த விஷயத்தில் மேல், மேலே எவ்வளவு மணல் இருந்தாலும் ஓட்டம் ஏறக்குறைய ஒன்றுதான். ஆனால் ஈரத்தில் மணல் கட்டும், நாளாக ஆகக் கழுத்து தேய்ந்து அகலும். உள்ளறைக்கு மணல், வெளியறைக்கு நீர் என்று பிரிப்பேன். மூச்சு ஈரம் உள்ளே இருக்கும் என்பதால் மணல் கண்ணாடிக்குள் முழுதாக அடைபட்டிருக்க வேண்டும்.

நடைமுறை இப்படி இருக்கலாம். உள்ளே போகிறவரும் வெளியே காவல் இருப்பவரும் ஒரே கணத்தில் கருவியைத் தொடங்குகிறார்கள். பாறைத் துளை வழியாக ஒரு கயிறு. உள்ளே ஒவ்வொரு நாழிகை முடிந்ததும் ஒரு இழுப்பு. 10 மடங்கு அறை என்றால் வெளியே 2.4 நிமிடத்துக்கு ஒரு இழுப்பு வர வேண்டும். 2.2 நிமிடத்தில் வந்தால் அறை 11 மடங்கை நெருங்கிவிட்டது. காற்றுக் கணக்கு உடனே மாறும். இழுப்பு நின்றால் எல்லையைக் கலைக்க வேண்டும், கதவைத் திறக்கக் கூடாது. திறந்தால் என்ன ஆகும் என்பதை மேலே எழுதியிருக்கிறார்கள்.

வெளிக்கருவியை நாள்தோறும் நடுப்பகல் நிழலோடு ஒத்துப்பார்க்கலாம். ஒரு நடுப்பகலிலிருந்து அடுத்தது வரை ஆண்டு முழுக்க ஒரே நீளம் இருக்காது, ஆனால் வித்தியாசம் அரை நிமிடத்துக்குள்தான். கிண்ணத்தின் பிழை அதைவிடப் பெரிது என்பதால் கவலைப்பட வேண்டாம்.

---

ஏட்டுக்கணக்கு:

யார் மூத்தவர் என்ற கேள்வியை லேசாக எடுத்துக்கொள்ளாதீர்கள். கூட்டம் உடைவதென்றால் அங்கேதான் உடையும்.

ஒவ்வொருவருக்கும் இரண்டு வயது: பிறந்த ஆண்டிலிருந்து எண்ணும் வெளிவயது, வாழ்ந்த நேரத்தை எண்ணும் உள்வயது. நாளுக்கு வெளிநேரம் 2 மணி, 10 மடங்கு அறையில் தங்குபவருக்கு 20 மணி ஆகிறது; அதாவது நாளுக்கு 18 மணி கூடுதல். 20 ஆண்டு இப்படிச் செய்தால் 15 ஆண்டு அதிகமாக மூப்படைந்திருப்பார். 20 வயதில் சேர்ந்தவர் ஏட்டில் 40, உடலில் 55. மறுபுறம் 10 மடங்கு மெதுவான அறையில் 300 ஆண்டு கிடந்தவருக்கு 30 ஆண்டுதான் கூடியிருக்கும். மடத்தை நிறுவியவரே கீழே ஓர் அறையில் உயிரோடு இருக்கலாம். அவருக்கு வாக்கு உண்டா? என் தேர்வு: பதவி உயர்வுக்கு உள்வயது, வாக்குக்கு விழித்திருந்து வெளியே வாழ்ந்த ஆண்டுகள். இல்லாவிட்டால் உறங்குபவர்களே என்றும் ஆள்வார்கள்.

வெளியே காவல் இருப்பவர்களைத் தாழ்ந்த படிநிலையாக வைக்காதீர்கள். அறைக்குள் போனவரின் உயிர் அவர்கள் கையில். இரண்டு படிநிலைகள் இணையாக ஏறட்டும். தலைமைப் பொறுப்புக்கு வருபவர் இரண்டிலும் இருந்திருக்க வேண்டும்.

சாப்பாட்டையும் கணக்கில் சேருங்கள். நாளுக்கு வெளிநேரம் 2 மணி வேக அறையில் தங்கும் அந்த மனிதருக்கு நாளொன்றுக்கு 42 மணி நேர வாழ்க்கை, 1.75 பங்கு உணவு. 40 பேர் இப்படிச் செய்தால் 30 ஆளுக்கான தானியம் கூடுதலாக வேண்டும். 200 பேர் மடம் 230 பேருக்குத் தானியம் வாங்கினால், கணக்கு தெரிந்த வரி அதிகாரி ஒருவர் அவர்கள் எவ்வளவு உள்நேரம் செலவழிக்கிறார்கள் என்பதை வெளியிலிருந்தே கண்டுபிடிக்கலாம். ரகசியத்தை உடைக்க வாளை விட இது நல்ல வழி.

இன்னொன்று. மாயமே இல்லாமல் காலத்தைக் கையாளும் அதிகாரத்தையும் இவர்களிடம் கொடுங்கள்: நாட்காட்டி. பழைய ரோமில் ஆண்டுக்கு 355 நாள். எப்போது இடைமாதம் சேர்ப்பது என்பதைக் குருமார் குழுதான் முடிவு செய்தது. வேண்டியவர் பதவியில் இருக்கும் ஆண்டை நீட்டவும், வேண்டாதவர் ஆண்டைச் சுருக்கவும் அது பயன்பட்டது. பருவமும் நாட்காட்டியும் விலகிப்போய், கடைசியில் சரிசெய்வதற்காக கி.மு. 46ஆம் ஆண்டை 445 நாளாக நீட்ட வேண்டியிருந்தது. கடன் தவணை, குத்தகை, பதவிக்காலம் எல்லாம் உங்கள் மடத்தின் அறிவிப்பை நம்பியிருந்தால், ஓர் அறையைக்கூடத் திறக்காமலே அவர்கள் அரசரைப் பணிய வைக்கலாம். கதைக்கு இதுதான் பெரிய அச்சுறுத்தல் என்று நினைக்கிறேன், பாறை அறைகள் அல்ல.

---

வரைபடக்காரன்:

மூவருக்கும் நன்றி. கயிறும் தானியக் கணக்கும் அப்படியே கதைக்குள் போகின்றன. பின்னோக்கிப் போவதுதான் மீதி. அதை எடுத்துவிடலாமா?

---

திரும்பாப்புனல்:

எடுக்க வேண்டாம், ஆளை அனுப்புவதை மட்டும் எடுத்துவிடுங்கள். செய்தி போகட்டும்.

ஆள் போனால் இரண்டு தொல்லை. 70 கிலோ உடல் ஒரே நேரத்தில் இரண்டாக இருக்கும். அந்த நிறைக்கு ஈடான ஆற்றல் ஏறக்குறைய 1,500 மெகாடன் வெடிப்பு. அது எங்கிருந்து வந்தது என்று கேட்கத் தெரிந்த வாசகர் கேட்பார். இரண்டாவது, பூமி சூரியனைச் சுற்றி விநாடிக்கு 29.8 கி.மீ. போகிறது. ஒரு நிமிடம் பின்னால் போனால் அந்த இடம் சுமார் 1,790 கி.மீ. தள்ளி இருந்திருக்கும். எதோடு ஒட்டி இடத்தைக் கணக்கிடுவது என்று ஒரு பிடிமானம் வேண்டும். அதற்கு அந்தப் பாறை அறையையே பிடிமானமாக்குங்கள்: செய்தி அந்த அறையிலிருந்து அதே அறைக்குத்தான் போகும், அறை குடையப்பட்ட நாளுக்கு முன்னால் போகாது. கோட்பாட்டளவில் இயற்பியலில் பேசப்படும் புழுத்துளைக் (வெளியின் இரு இடங்களை இணைக்கும் குறுக்குவழி) கால இயந்திரங்களுக்கும் இந்த வரம்பு உண்டு, இயந்திரம் உருவாவதற்கு முந்தைய காலத்துக்கு அவற்றால் போக முடியாது.

நடந்ததை மாற்றலாமா என்பதில் ஒன்றைத் தேர்ந்து கடைசி வரை விடாதீர்கள். பழையதை அழித்து எழுதும் முறையில் ஒவ்வொரு தோல்வியையும் வீரர்கள் திரும்ப ஆடக் கேட்பார்கள், ஆட்டம் நகராது. கிளை பிரியும் முறையில் கைவிட்ட கிளையில் உள்ளவர்கள் என்ன ஆனார்கள் என்ற சுமை வரும், எதற்கும் மதிப்பிருக்காது. நிலைத்த காலம்தான் துறவியருக்குப் பொருந்தும்: கண்ணால் கண்டது மாறாது, யாரும் காணாதது மட்டும் இன்னும் திறந்திருக்கிறது. அப்போது ‘எதைப் பார்க்காமல் இருப்பது’ என்பதே ஒரு பயிற்சியாகிவிடும். போர் முடிவைக் கேட்க மறுக்கும் துறவி, அந்த முடிவை இன்னும் மாற்றக்கூடியவர்.

ஆட்ட மேசையில் இதைச் செய்யும் முறை: வீரர் எதிர்காலத்திலிருந்து தனக்கு ஒரு செய்தி வந்ததாக அறிவிக்கலாம், அமர்வுக்கு ஒரு முறை, அதிகபட்சம் ஏழு சொல். பலனை உடனே எடுத்துக்கொள்வார். ஒரு சீட்டில் அந்தச் சொற்களை எழுதி மேசை நடுவில் வைக்க வேண்டும். அடுத்த அமர்வு முடிவதற்குள் அவர் அறைக்குப் போய் அதே சொற்களை அனுப்பியாக வேண்டும். போக முடியவில்லை என்றால் முரண்பாடு வந்துவிட்டது என்று உலகத்தை உடைக்காதீர்கள். செய்தியை அனுப்பியது வேறொருவர் என்று ஆகும், அவர் யார், எதற்காக அனுப்பினார் என்பதை ஆட்டத்தை நடத்துபவர் முடிவு செய்வார். சீட்டு நிறைவேறாமல் கிடப்பதை வீரர்கள் பார்த்துக்கொண்டே இருப்பதால், அவர்களே அறையை நோக்கி ஓடுவார்கள்.

---

அலைநீளம்:

ஏழு சொல் வரம்பு நல்லது. ஒன்று மட்டும் சேர்க்கிறேன்: செய்தியை ஒளியாகவோ ஒலியாகவோ அனுப்ப விடாதீர்கள், பழைய சிக்கல் எல்லாம் திரும்பி வரும். கயிற்று இழுப்பாக இருக்கட்டும். எண்ணிக்கை மட்டும் போகும். எழுத்துக்கு ஓர் எண் என்று மடத்துக்கு ஒரு குறிப்பேடு.

---

கிண்ணிநீர்:

அப்படியானால் கயிற்றுக்கு எப்போதும் ஓர் ஆள் இருந்தாக வேண்டும். நாளை வரப்போகும் செய்தி இன்று எந்த நாழிகையில் வரும் என்று தெரியாதே. மூன்று மணி நேரம் கொண்ட சாமத்துக்கு ஒருவராக நாளுக்கு எட்டுப் பேர், அத்துடன் நோய்க்கும் ஓய்வுக்கும் இரண்டு பேர், ஆக பத்துப் பேரை ஒவ்வொரு அறைக்கும் ஒதுக்குங்கள். 200 பேர் மடத்தில் இது எத்தனை அறையைத் தாங்கும் என்று பார்த்துக்கொண்டு அறைகளின் எண்ணிக்கையை முடிவு செய்யலாம். நான்கு அறைக்கு மேல் வேண்டாம். ஐந்து அறை என்றால் மடத்தில் கால்வாசிப் பேர் கயிற்றிலேயே போய்விடுவார்கள்.